ஹெகின்ஸ் புறாச் சுடும் போட்டி நின்றது ஊர் மனம் மாறியதாலா?

கேள்வி இது. அமெரிக்காவின் பென்சில்வேனியா மாநிலத்தில், ஹெகின்ஸ் என்ற சிற்றூரில், அறுபது ஆண்டுகளுக்கு மேல் நடந்துவந்த புறாச் சுடும் போட்டி 1999-ல் ஏன் நின்றது? விலங்குகள் மீது மக்களுக்கு இருந்த பார்வை மாறியதாலா, வெளியூர்ப் போராட்டக்காரர்களும் நீதிமன்றமும் நெருக்கியதாலா? அந்த ஊர்க்காரர்கள் அவ்வளவு ஈரமற்றவர்களா?

பார்வை மாறியது உண்மை. ஆனால் அது முதலில் மாறியது ஹெகின்ஸுக்கு வெளியே. அதுவும் எல்லா உயிர்களுக்கும் ஒரே அளவில் மாறவில்லை. ஊர் மனம் கனிந்து, "போதும், விட்டுவிடுவோம்" என்று யாரும் கைவிட்ட வழக்கமல்ல இது. போராட்டம் உச்சத்தில் இருந்த ஆண்டுகளில் கூட்டம் முன்பைவிடக் கூடியது. போட்டி ஒழிய வேண்டியது என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் அது ஒழிந்த விதத்தைச் சரியாகப் புரிந்துகொள்ளாவிட்டால் "நாகரிகம் வென்றது" என்ற எளிய கதையோடு நின்றுவிடுவோம். அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

முதலில் ஊர். ஹெகின்ஸ் ஸ்கூல்கில் கவுன்ட்டியில், அதாவது நம்மூர் மாவட்டம் போன்ற பகுதியில், இருக்கிறது. சுற்றிலும் மலைமுகடுகள், அவற்றுக்கு அடியில் ஆந்த்ரசைட் என்ற கெட்டி நிலக்கரி, நடுவே விவசாயப் பள்ளத்தாக்கு. ஜெர்மன் வம்சாவளிக் குடியானவர்களும் சுரங்கத் தொழிலாளர் குடும்பங்களும் பல தலைமுறையாக வாழ்ந்த பகுதி. 1917-ல் பென்சில்வேனியாவின் ஆந்த்ரசைட் சுரங்கங்கள் எல்லாவற்றிலும் சேர்த்துச் சுமார் 10 கோடி டன் நிலக்கரி வெட்டினார்கள், அதுதான் உச்சம். அதற்குப் பிறகு இறங்குமுகம். பொருளாதாரப் பெருமந்தம் கவிந்திருந்த 1934-ல் தொடங்கியது இந்தப் போட்டி. ஃப்ரெட் கோல்மன் என்ற உள்ளூர்க் குறிவீரரின் நினைவாகப் பெயர் வைத்து, செப்டம்பர் முதல் திங்கட்கிழமை வரும் தொழிலாளர் தினத்தன்று ஊர்ப் பூங்காவில் நடத்தினார்கள். கிடைத்த பணம் ஊர்க் காரியங்களுக்கு, முக்கியமாகப் பூங்காவின் பராமரிப்புக்குப் போனது. வெளியூரில் வேலைக்குப் போன பிள்ளைகள் ஊர் திரும்பும் நாள் அது. பீன்ஸ் சூப்பும் பீரும் விற்கும் கடைகள், பெஞ்சுகளில் குடும்பம் குடும்பமாக உட்கார்ந்திருப்பவர்கள். திருவிழா என்று சொன்னால் மிகையில்லை.

போட்டி நடக்கும் முறையைத் தெரிந்துகொள்ளாமல் எதிர்ப்பு ஏன் அவ்வளவு கொதித்தது என்பது விளங்காது. களத்தில் சிறு பெட்டிகள் வரிசையாக வைக்கப்பட்டிருக்கும். ஒவ்வொன்றிலும் ஒரு புறா. சுடுபவர் ஏறத்தாழ 30 கெஜம் தள்ளி இரட்டைக் குழல் ரவைத் துப்பாக்கியோடு நிற்பார். "இழு" என்று குரல் கொடுத்ததும், பின்னால் இருப்பவர் கயிற்றை இழுப்பார். ஏதோ ஒரு பெட்டி திறக்கும். எந்தப் பெட்டி என்று சுடுபவருக்கு முன்கூட்டித் தெரியாது. புறா எழும், துப்பாக்கி வெடிக்கும். களத்தைச் சுற்றி எல்லைக்கோடு உண்டு. பறவை அதற்குள் விழுந்தால்தான் புள்ளி. அடிபட்டு எல்லையைத் தாண்டிப் போய் விழுந்தால், செத்தே விழுந்தாலும், கணக்கில் சேராது. ஒரே நாளில் பல களங்களில் இப்படி ஏறக்குறைய 5,000 புறாக்கள் விடப்பட்டன.

இந்த எல்லைக்கோட்டு விதியைக் கவனியுங்கள். பறவை உடனே சாகிறதா, துடிக்கிறதா என்பது விதிக்குப் பொருட்டே இல்லை. எங்கே விழுந்தது என்பதுதான் பொருட்டு. ரவைத் துப்பாக்கியின் குண்டுகள் பரவிப் போகிறவை. ஓரத்து ரவை ஒன்றிரண்டு பட்டால் இறக்கை முறியும், கால் போகும், உயிர் போகாது. அப்படிப்பட்ட பறவைகள் புல்லில் தத்தித் தத்தி நகரும். சில எல்லையைத் தாண்டிப் பறந்து மரக்கிளைகளிலும் கூரைகளிலும் ஒதுங்கி மெல்ல மெல்லச் சாகும். விடப்பட்டவற்றில் பாதிக்கு மேல் உடனே சாகவில்லை என்று எதிர்ப்பாளர்கள் களத்தருகே உட்கார்ந்து குறிப்பெடுத்து வாதிட்டார்கள்.

அடுத்த சுற்றுக்குக் களத்தைத் துப்புரவாக்க வேண்டுமே, அந்த வேலை ஊர்ச் சிறுவர்களுக்கு. ட்ராப்பர் பையன்கள் என்று பெயர். பலர் பள்ளிக்கூட வயதுப் பிள்ளைகள். ஓடிப்போய் விழுந்த பறவைகளைப் பொறுக்கி வருவார்கள். உயிரோடு இருப்பதைக் கழுத்தைத் திருகியோ, எதிலாவது அறைந்தோ கொன்று பீப்பாயில் போடுவார்கள். வேலைக்குக் கூலி உண்டு. அப்பாவும் சித்தப்பாவும் செய்த வேலையைத் தானும் செய்யும் பெருமையும் உண்டு. ஊர்க்காரர்கள் கண்ணுக்கு அது பையன் பொறுப்பானவனாக வளர்வதன் அடையாளம். அதே காட்சியைத் தொலைக்காட்சியில் பார்த்த நகரத்துக்காரருக்கு நெஞ்சு பதறியது. சாவு எண்ணிக்கையைவிட, காயம்பட்ட பறவையும் அதைக் கையில் பிடித்திருக்கும் சிறுவனும் சேர்ந்த அந்தக் காட்சிதான் மாநிலத்துக்கு வெளியே மக்களை எதிராகத் திருப்பியது என்று நினைக்கிறேன்.

உயிருள்ள புறாவைச் சுடும் விளையாட்டு ஹெகின்ஸில் பிறந்ததல்ல. இங்கிலாந்துப் பிரபுக்களின் கிளப்புகளில் 19-ஆம் நூற்றாண்டில் அது நாகரிகப் பொழுதுபோக்கு. லண்டனின் ஹர்லிங்ஹாம் கிளப் அதற்குப் பேர்போனது. 1905-ல் அங்கே அதை நிறுத்திவிட்டார்கள், ஆனால் கிளப்பின் சின்னத்தில் இன்றும் புறா இருக்கிறது. 1900 பாரிஸ் ஒலிம்பிக்கிலும் இந்தப் போட்டி நடந்தது. சுமார் 300 புறாக்கள் செத்தன. 21 பறவைகளை வீழ்த்திய பெல்ஜியத்துக்காரர் லியோன் டி லுன்டன் வென்றார். அதற்குப் பிறகு ஒலிம்பிக்கில் அது நடக்கவில்லை. 1921-ல் பிரிட்டன், அடைத்து வைத்த பறவையைத் திறந்துவிட்டுச் சுடுவதைச் சட்டம் போட்டே தடுத்தது.

அமெரிக்காவில் கதை இன்னும் கசப்பானது. அங்கே தொடக்கத்தில் சுடப்பட்டவற்றில் பெரும்பங்கு பயணிப் புறாக்கள். வானத்தை மறைத்துக்கொண்டு கோடிக்கணக்கில் பறந்த காட்டுப் பறவை. வலை வீசிப் பிடித்து, கூண்டுகளில் அடைத்து, ரயிலில் ஏற்றிப் போட்டிக் களங்களுக்கு அனுப்பினார்கள். 1881-ல் நியூயார்க்கின் கோனி ஐலண்டில் நடந்த ஒரே போட்டிக்கு 20,000 பறவைகள் கொண்டுவரப்பட்டன. 1866-ல் அமெரிக்காவின் முதல் விலங்கு வதைத் தடுப்புச் சங்கத்தைத் தொடங்கிய ஹென்றி பெர்க் இந்தப் போட்டிகளை எதிர்த்துக் கடுமையாகப் போராடினார். பயணிப் புறாவின் கடைசிப் பறவை, மார்த்தா என்று பெயரிட்டு வளர்த்தது, 1914 செப்டம்பர் 1 அன்று சின்சினாட்டி விலங்குக் காட்சிச் சாலையில் செத்தது. அந்த இனம் அழிந்ததற்குப் போட்டிகள் மட்டும் காரணமல்ல. இறைச்சி வியாபாரமும் காடழிப்பும்தான் பெரிய காரணங்கள். ஆனாலும் ஓர் இனமே மறைந்துகொண்டிருந்த வேளையில் அதையே பெட்டியில் அடைத்துச் சுட்டார்கள் என்பது வரலாற்றில் பதிந்துவிட்டது.

பறவை கிடைப்பது அரிதாகி, எதிர்ப்பும் வலுத்ததும் மாற்று தேடினார்கள். முதலில் கண்ணாடிப் பந்துகள். எறிபொறி ஒன்று வானத்தில் வீசும். குண்டு பட்டதும் சிதறும். சில பந்துகளுக்குள் இறகுகளை அடைத்து வைத்தார்கள், உடையும்போது உண்மையான பறவை அடிபட்டதுபோல இறகு பறக்க வேண்டும் என்பதற்காக! பறவையை விட்டார்கள், பறவை சிதறும் காட்சியை விட மனம் வரவில்லை. 1880-ல் சின்சினாட்டியைச் சேர்ந்த ஜார்ஜ் லிகோவ்ஸ்கி சுட்ட களிமண்ணில் தட்டு வடிவ இலக்கைச் செய்தார். அதுதான் இன்று உலகமெங்கும் போட்டிகளில் சுடப்படும் "களிமண் புறா"வின் முன்னோடி.

அப்படியானால் 1934-ல் ஹெகின்ஸ் ஏன் களிமண் தட்டைச் சுடவில்லை? சுடுபவர்கள் சொன்ன பதிலில் ஓரளவு நியாயம் இருக்கிறது. களிமண் தட்டு எறிபொறியிலிருந்து கிளம்பும்போதுதான் அதிக வேகம். போகப் போகக் குறையும், பாதையும் பெரும்பாலும் கணித்துவிடக்கூடியது. புறா நேர் எதிர். மெதுவாக எழும்பி வேகமெடுக்கும், சட்டென்று திரும்பும், சில சமயம் பெட்டியை விட்டு எழவே செய்யாது. குறிபார்ப்பவருக்கு அது வேறொரு சவால். ஆனால் அந்தச் சவாலுக்கும் பின்னாளில் மாற்று வந்தது. ஐரோப்பாவில் ஹெலிஸ் என்ற பிளாஸ்டிக் இலக்கை உருவாக்கினார்கள். இரண்டு சிறகு போன்ற விசிறிகளோடு சுழன்று, எந்தப் பக்கம் திரும்பும் என்று சொல்ல முடியாதபடி பறக்கும். நடுவிலுள்ள வெள்ளை மூடி கழன்று வேலிக்குள் விழுந்தால்தான் புள்ளி. புறாப் போட்டியின் விதியை அப்படியே எடுத்துப் பறவையை மட்டும் நீக்கிவிட்டார்கள். திறமைதான் முக்கியம் என்றால் வழி இருந்தது. ஹெகின்ஸ் அந்தப் பக்கம் போகவில்லை. அப்போது அவர்களுக்குப் பறவையை விட்டுக்கொடுப்பது தோல்வியை ஒப்புக்கொள்வதாக ஆகிவிட்டிருந்தது.

இதே நாட்டுப்புறத்தில் இன்னொரு துப்பாக்கிப் போட்டி சத்தமில்லாமல் மாறியதையும் சொல்ல வேண்டும். வான்கோழி சுடும் போட்டி குடியேற்றக் காலத்திலிருந்தே அமெரிக்கக் கிராமங்களில் உண்டு. வான்கோழியைக் கட்டையின் பின்னால் கட்டிவைப்பார்கள். தலை மட்டும் வெளியே தெரியும். காசு கொடுத்து ஒரு தோட்டா சுடலாம். ரத்தம் வரவைத்தவருக்குக் கோழி சொந்தம். இன்றைக்கும் பல ஊர்களில் தீயணைப்பு நிலையத்துக்கோ தேவாலயத்துக்கோ நிதி திரட்ட "வான்கோழிப் போட்டி" நடத்துகிறார்கள். சுடுவது காகித இலக்கை. பரிசாக உறைய வைத்த வான்கோழி அல்லது பன்றித்தொடை கிடைக்கிறது. பென்சில்வேனியாவில் மரக்கட்டையில் குறி வைத்துச் சுட்டு இறைச்சித் துண்டுகளை வெல்லும் போட்டியும் இதே வகை. இந்த மாற்றத்துக்காக யாரும் தெருவில் இறங்கிப் போராட வேண்டியிருக்கவில்லை. குறிபார்க்கும் திறமையும் வீட்டுக்கு எடுத்துப்போகும் இறைச்சியும்தான் அந்தப் போட்டியின் உயிர்நாடி. இரண்டும் காகிதத்தில் சுட்டாலும் மிஞ்சின. ஹெகின்ஸில் செத்த புறாக்களைப் பெரும்பாலும் யாரும் சமைக்கவில்லை. பறவை விழும் காட்சிக்காகத்தான் கூட்டம் கூடியது. காட்சியை எடுத்துவிட்டால் அங்கே எதை வைத்து அந்த இடத்தை நிரப்புவது?

சட்டத்தின் பக்கம் வருவோம். பென்சில்வேனியாவில் இந்த விவாதம் ஹெகின்ஸ் போட்டி தொடங்குவதற்கு நாற்பது ஆண்டுகளுக்கு மேல் முன்பே நீதிமன்றம் ஏறிவிட்டது. ஃபிலடெல்ஃபியா துப்பாக்கிக் கிளப்பில் புறா சுட்டவர் ஒருவர் மேல் விலங்கு வதை வழக்கு போடப்பட்டது. 1891-ல் மாநில உச்ச நீதிமன்றம், அது வதைச் சட்டத்தின் கீழ்க் குற்றமாகாது என்று தீர்ப்பளித்தது. அந்த ஒரு தீர்ப்பின் நிழலில்தான் போட்டிகள் நூறாண்டு நடந்தன. கூட்டாட்சிச் சட்டமும் உதவவில்லை. 1918-ஆம் ஆண்டின் வலசைப் பறவைச் சட்டம் காட்டுப் பறவைகள் பலவற்றைக் காக்கிறது. போட்டியில் சுடப்படும் மாடப்புறாவோ 17-ஆம் நூற்றாண்டில் ஐரோப்பியர் கொண்டுவந்த வீட்டுப் பறவையின் வம்சம். அயல் பறவை என்பதால் அந்தப் பாதுகாப்பு இல்லை. மான் வேட்டைக்குப் பருவம் உண்டு, அனுமதிச் சீட்டு உண்டு, எத்தனை என்ற கணக்கு உண்டு. பெட்டிக்குள் இருக்கும் புறாவுக்கு எதுவும் இல்லை.

1980-களின் நடுவில் விலங்குரிமை இயக்கத்தினர் ஹெகின்ஸுக்கு வரத் தொடங்கினார்கள். கிளீவ்லண்ட் ஆமரி 1967-ல் தொடங்கிய ஃபண்ட் ஃபார் அனிமல்ஸ் என்ற அமைப்பு முன்னணியில் நின்றது. 1990-களின் தொடக்கத்தில் தொழிலாளர் தினத்தன்று ஆயிரத்துக்கும் மேற்பட்ட போராட்டக்காரர்கள், மாநிலக் காவல்துறையின் குதிரைப்படை, நூற்றுக்கும் மேற்பட்ட கைதுகள் என்று அந்தச் சின்னப் பூங்கா போர்க்களமானது. சிலர் களத்துக்குள் பாய்ந்து பெட்டிகளைத் திறந்து புறாக்களைப் பறக்கவிட்டார்கள். இந்தப் பக்கம், போராட்டக்காரர்களைக் கிண்டல் செய்யும் வாசகங்களோடு டி-ஷர்ட் விற்றது. பறவையைப் பற்றிய கவலையே இல்லாத பலர், "யாரோ வந்து நமக்குப் பாடம் எடுக்கிறார்கள்" என்ற கோபத்தில் வந்து கூடினார்கள். எரிகிற தீயில் எண்ணெய் விட்டதுபோல ஆனது நிலைமை. ஊருக்குள் யாருக்காவது மனசாட்சி உறுத்தியிருந்தாலும் அதை வாய்விட்டுச் சொல்ல இடமில்லாமல் போனது. சொன்னால் எதிரி பக்கம் சேர்ந்தவர் ஆகிவிடுவார்.

இதைப் போராட்டத்தின் தோல்வி என்று நான் சொல்லவில்லை. ஹெகின்ஸ் என்ற பெயரை நாடறியச் செய்தது அந்தப் போராட்டம்தான். ஆனால் நேருக்கு நேர் மோதல் கூட்டத்தைப் பெருக்குகிறது என்பது அமைப்பினருக்கே தெரிந்தது. பின்னர் அணுகுமுறையை மாற்றினார்கள். கோஷத்தைக் குறைத்து, காயம்பட்ட பறவைகளைத் தேடி எடுத்து மருத்துவம் பார்ப்பதிலும், நடப்பதை ஒளிப்பதிவு செய்வதிலும் தொண்டர்களை ஈடுபடுத்தினார்கள். இந்த மாற்றம் முக்கியமானது. முறிந்த இறக்கையோடு துணியில் சுற்றிய ஒரு பறவையைக் கையில் ஏந்தி நடப்பவரைப் பார்த்துக் கத்துவது, கொடி பிடித்தவரைப் பார்த்துக் கத்துவதைவிடக் கடினம். ஒளிப்பதிவுகள் சட்டமன்றத்துக்கும் தொலைக்காட்சிக்கும் போயின. "புறாக்கள் வலியில்லாமல் உடனே சாகின்றன" என்ற வாதம் அந்தப் படங்களுக்கு முன்னால் நிற்க முடியவில்லை.

ஊர்க்காரர்களின் பக்கத்தையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். அவர்கள் விலங்கை வெறுப்பவர்கள் என்று எண்ணுவது தவறு. கோழியையும் பன்றியையும் தன் கையால் வளர்த்துத் தன் கையால் அறுத்துச் சாப்பிடும் குடும்பங்கள். வேட்டை நாயைப் பிள்ளை மாதிரி வளர்ப்பவர்கள். மான் வேட்டைப் பருவம் தொடங்கிய திங்கட்கிழமைகளில் பென்சில்வேனியாவில் பல பள்ளிகளுக்கு விடுமுறை விட்டதைச் சொன்னால் வெளியாட்கள் நம்பமாட்டார்கள். அங்கே சாவு மறைவிடத்தில் நடப்பதல்ல. பிளாஸ்டிக் உறையில் சுற்றிய இறைச்சியை வாங்கிக்கொண்டு வந்து எங்களைக் கொடியவர்கள் என்கிறாயே என்று அவர்கள் திருப்பிக் கேட்டது வலுவான கேள்வி. தொழிற்பண்ணைகளில் இறகு விரிக்க இடமில்லாமல் கோழிகள் கோடிக்கணக்கில் வாழ்ந்து சாவதோடு ஒப்பிட்டால் 5,000 புறாக்கள் சிறிய எண்ணிக்கைதான்.

ஆனாலும் அந்தக் கேள்வி போட்டியைக் காப்பாற்றாது. உணவுக்காகக் கொல்பவர் துடிப்பைக் குறைக்கப் பார்ப்பார். அடிபட்ட மானைத் தேடிப்போய் முடித்துவைப்பது வேட்டைக்காரருக்குக் கடமை. பெட்டியில் அடைத்த பறவைக்குத் தப்பிக்கும் நியாயமான வாய்ப்பு எங்கே என்று வேட்டைக்காரர்களிலேயே பலர் கேட்டார்கள். வேட்டை மரபின் அளவுகோலை வைத்துப் பார்த்தாலே ஹெகின்ஸ் போட்டி தேறவில்லை. அப்படி நினைத்தவர்கள் வாய் திறக்கத் தயங்கியதற்குக் காரணம், "இன்றைக்குப் புறா, நாளைக்கு மான்" என்ற பயம். துப்பாக்கி உரிமைக்காக வாதாடும் தேசியத் துப்பாக்கிச் சங்கம் அந்தப் பயத்தைத் திரும்பத் திரும்பச் சொல்லித் தடைச் சட்டங்களை எதிர்த்தது. பல்லாண்டுகள் மாநிலச் சட்டமன்றத்தில் மசோதாக்கள் வந்து வந்து விழுந்ததற்கு அதுவே பெரிய காரணம்.

முடிவு வந்தது வேறு வாசல் வழியாக. விலங்கு வதைத் தடுப்புச் சங்கத்தின் அதிகாரி ஒருவர், போட்டிக்குத் தடை கேட்டு வழக்குப் போட்டார். அந்தக் கவுன்ட்டியில் தடை கேட்க அவருக்குத் தகுதியே இல்லை என்று கீழ் நீதிமன்றங்கள் தள்ளிவிட்டன. 1999 ஜூலையில் மாநில உச்ச நீதிமன்றம், தகுதி உண்டு என்று தீர்ப்பளித்தது. போட்டி வதையா இல்லையா என்பது அங்கே முடிவாகவில்லை. யார் கேள்வி கேட்கலாம் என்பது மட்டும்தான் முடிவானது. ஆனால் தீர்ப்பில் நீதிபதிகள் இந்தப் போட்டியைக் கொடூரமானது, மடத்தனமானது என்று வெளிப்படையாகவே எழுதினார்கள். 1891-ல் இதில் குற்றமில்லை என்ற அதே நீதிமன்றத்தின் பார்வை 108 ஆண்டுகளில் எவ்வளவு தூரம் நகர்ந்திருந்தது என்பதற்கு அந்த இரண்டு சொற்கள் போதும். வழக்கு தொடர்ந்தால் எங்கே போய் முடியும் என்பது அமைப்பாளர்களுக்குப் புரிந்தது. அடுத்த சில வாரங்களில், அந்த ஆண்டுத் தொழிலாளர் தினத்துக்கு முன்பே, போட்டியை ரத்து செய்தார்கள். 1998-ல் நடந்ததே கடைசி.

ஆகவே ஊர் மனம் மாறவில்லை என்றாலும், மாறிய மனங்களுக்கு இதில் பங்கே இல்லை என்று சொல்ல முடியாது. நீதிபதிகளும் தொலைக்காட்சி பார்த்த குடும்பங்களும் செய்தித்தாள் ஆசிரியர்களும் நூறாண்டில் மெல்ல மெல்ல நகர்ந்திருந்தார்கள். ஊர் அந்த நகர்வுக்கு நடுவில் ஒரு தீவாக நின்றது. சுரங்கம் மூடி, இளைஞர்கள் வெளியேறி, கையில் மிஞ்சியிருந்த ஒன்றிரண்டு பெருமைகளில் ஒன்றாக அந்த நாள் இருந்ததால், விடாமல் பிடித்துக்கொண்டார்கள். அதற்காக அவர்கள் மேல் எனக்கு இரக்கம் உண்டு. போட்டி மேல் இல்லை.

இப்போது கேள்வியின் நீட்சிக்கு வருகிறேன்: பென்சில்வேனியாவில் புறாச் சுடுவது முற்றிலும் ஒழிந்துவிட்டதா? இல்லை. ஒழிந்தது குடும்பத்தோடு உட்கார்ந்து பார்த்த ஊர்த் திருவிழா. அதற்குப் பிறகும் தனியார் கிளப்புகளில், வேலிக்குப் பின்னால், உறுப்பினர்களுக்கு மட்டும் என்று போட்டிகள் தொடர்ந்தன. 1877-ல் தொடங்கி, டெலவேர் ஆற்றங்கரையில் இயங்கிவரும் ஃபிலடெல்ஃபியா துப்பாக்கிக் கிளப் அவற்றில் பேர்போனது. கரையேறிக் கிடக்கும் காயம்பட்ட புறாக்களைத் தேடி ஆர்வலர்கள் அந்தப் பக்கம் அலைந்தார்கள். 2014-ல் நாய், பூனை இறைச்சி விற்பனையோடு புறாப் போட்டியையும் சேர்த்துத் தடுக்கும் மசோதா மாநில செனட்டில் பெரும் ஆதரவோடு நிறைவேறியது. கீழவை அதை வாக்கெடுப்புக்கே எடுக்கவில்லை.

மூன்றே ஆண்டுகளில் நடந்ததை இதனோடு வைத்துப் பாருங்கள். லான்காஸ்டர் கவுன்ட்டியில் பட்டினியும் நோயுமாகச் சாகக் கிடந்த ஒரு நாய்க்குட்டி மீட்கப்பட்டது. லிப்ரே என்று பெயர் வைத்தார்கள். அதன் படம் பரவியது, மக்கள் கொதித்தார்கள். 2017 ஜூனில் அந்தக் குட்டியின் பெயரால் அறியப்படும் சட்டம் கையெழுத்தானது. விலங்கு வதைக்கான தண்டனை கடுமையானது. நாயைச் சங்கிலியில் எவ்வளவு நேரம் கட்டலாம் என்பதற்குக்கூட வரம்பு வந்தது. அதே சட்டமன்றம், அதே மக்கள். புறாப் போட்டிக்குத் தடை அந்தச் சட்டத்தில் இல்லை.

நகரத்து நடைபாதையில் எச்சமிட்டுத் திரிகிற புறாவைச் "சிறகு முளைத்த எலி" என்று சொல்வது அமெரிக்காவில் வழக்கம். போட்டிகளுக்கு நியூயார்க் தெருக்களிலிருந்தே வலை வீசிப் புறாக்களைப் பிடித்து அனுப்பிய வியாபாரமும் இருந்தது. வளர்ப்பவர் இல்லை, பெயர் இல்லை, இரக்கம் வரவழைக்கும் முகம் இல்லை. நாய்க்கு நேர்ந்தால் சட்டம் மாறுகிறது. புறாவுக்கு நேர்ந்தால் குழுக்கூட்டத்தில் மசோதா தூங்குகிறது. விலங்குகள் மீதான பார்வை மாறியதா என்று நீங்கள் கேட்டதற்கு, எந்த விலங்கு என்று திருப்பிக் கேட்காமல் என்னால் பதில் சொல்ல முடியவில்லை.